நத்தார் தட்டு வந்தால் என்ன செய்வது?

பதிவு கொஞ்சம் நீளம். நேரம் கிடைக்கும்போது வாசியுங்கள்.

டிசம்பர் பிறந்தால் நமதூர் வட்ஸ்அப் குழுமங்களில் ஒரு குரல் பதிவு சுற்றத் தொடங்கிவிடும். யார் பேசியது என்று யாருக்கும் தெரியாது. வாழ்த்துச் சொன்னால் ஈமான் போகும், பக்கத்து வீட்டிலிருந்து வரும் தட்டை வாங்கினால் அதுவும் போகும் என்று ஐந்து நிமிடம் அதட்டிவிட்டு முடியும். அனுப்பியவரைக் கேட்டால் 'வந்தது, அனுப்பினேன்' என்பார். இம்முறையும் வந்துவிட்டது.

அது வந்த கிழமையிலேயே வகுப்பில் ஒரு பிள்ளை எழும்பிக் கேட்டது: "சேர், நத்தார் என்டா கிறிஸ்மஸ் தாத்தா பொறந்த நாளா?" வகுப்பே சிரித்தது, நாங்களும் சிரித்தோம். பிறகு ஆசிரியர் அறையில் கதைத்தபோது சிரிப்பு வரவில்லை. ஸூரா மர்யமைப் பார்க்காமல் ஓதக்கூடிய பிள்ளை அது. பேரீத்த மரத்தடியில் மர்யம் அலைஹஸ்ஸலாம் அவர்களுக்கு வந்த பிரசவ வேதனையும், காலடியில் ஓடிய நீரும், உதிர்ந்த பழமும் அந்தப் பிள்ளையின் நெஞ்சில் இருக்கின்றன. ஆனால் ஆலையடிவேம்புப் பக்கம் வீட்டு வாசலில் தொங்குகிற நட்சத்திரக் கூடு அதே பிள்ளைப்பேற்றைச் சொல்லித்தான் தொங்குகிறது என்று யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை.

மார்க்கத் தீர்ப்பு சொல்ல நாங்கள் முஃப்திகள் இல்லை. பிற மதத்தாரின் பெருநாளுக்கு வாழ்த்துச் சொல்வது கூடாது என்று இப்னுல் கையிம் கடுமையாக எழுதியிருக்கிறார். நமது காலத்து யூசுப் அல் கர்ளாவி போன்றவர்கள் கூடும் என்றார்கள். எது சரி என்று நமது உலமாக்களிடம் கேட்டுக்கொள்ளுங்கள். அவர்களுடைய வணக்கத்தில் நாம் போய் நிற்கப்போவதில்லை. அல்லாஹ்வுக்குப் பிள்ளை உண்டு என்பதை நாம் ஏற்கவும் மாட்டோம். அது அவர்களுக்கும் தெரியும். நாங்கள் கதைக்க வந்தது பெயர் தெரியாத அந்தக் குரல் வளர்த்துவிடும் அறியாமையைப் பற்றி. அதை நாம் பேணுதல் என்று நினைத்துக்கொள்கிறோம்.

முதலில் அந்தச் சொல். தமிழ்நாட்டில் கிறிஸ்துமஸ் என்பார்கள். நாம் நத்தார் என்கிறோம், சிங்களவர் நத்தல் என்கிறார்கள். இது 'நத்தால்' என்ற போர்த்துக்கேயச் சொல். ஸ்பானியர் 'நவிதாத்' என்பார்கள். இரண்டுக்கும் மூலம் பிறப்பைக் குறிக்கும் லத்தீன் வேர்தான். குரல் பதிவை அனுப்பிய சகோதரர் அந்நேரம் இருந்த கதிரையும் போர்த்துக்கேயம், முன்னால் இருந்த மேசையும் போர்த்துக்கேயம். அலுமாரி, சப்பாத்து, துவாய், பாண், விறாந்தை, அன்னாசி எல்லாம் அந்தக் கப்பலில் வந்தவைதான்.

அந்தக் கப்பல் நமக்குப் பாண் மட்டும் கொண்டுவரவில்லை. 1580 முதல் 1640 வரை போர்த்துக்கலும் ஸ்பெயினும் ஒரே அரசனின் கீழ் இருந்தன. 1609இல் அந்த அரச குடும்பம் ஸ்பெயினில் எஞ்சியிருந்த முஸ்லிம் வம்சத்தவரை நாடு கடத்தத் தொடங்கியது. ஐந்து வருடத்துக்குள் சுமார் 3 இலட்சம் பேர் கடல் கடந்து துரத்தப்பட்டார்கள். அவர்கள் ஏற்கெனவே ஞானஸ்நானம் செய்விக்கப்பட்டிருந்தவர்கள், அதுவும் அவர்களைக் காப்பாற்றவில்லை. ஸ்பெயினில் முஸ்லிம்களை 'மோரோ' என்பார்கள், போர்த்துக்கலில் 'மௌரோ'. இங்கே வந்து இறங்கிய போர்த்துக்கேயர் நம்மைப் பார்த்ததும் அதே பெயரை ஒட்டினார்கள். இன்றும் நமது பிறப்புச் சான்றிதழில் ஆங்கிலத்தில் இருக்கிற 'மூர்' அந்தப் பெயர்தான். பிலிப்பைன்ஸ் மிந்தனாவோ முஸ்லிம்கள் 'மோரோ' ஆனதும் அப்படித்தான்.

1626இல் போர்த்துக்கேயர் தமது ஆளுகையில் இருந்த முஸ்லிம்களை வெளியேற்றினார்கள். கண்டி மன்னன் செனரத் அவர்களில் சுமார் 4000 பேரை மட்டக்களப்புப் பக்கம் குடியேற்றினான் என்பது நமது வரலாறு எழுதியவர்கள் எல்லோரும் திரும்பத் திரும்பச் சொல்வது. இந்தக் கரையில் அதற்கு முன்பும் நம்மவர் இருந்தார்கள் என்பது வேறு கதை. ஆனால் ஒரு கதவு மூடப்பட்டு இன்னொரு கதவு திறக்கப்பட்ட அந்தச் சம்பவம் இல்லாவிட்டால் இந்தக் கரையோர ஊர்கள் இன்றிருப்பதுபோல் இருந்திருக்காது.

'அப்படியென்றால் துரத்தியவன் பண்டிகையை நாம் ஏன் தெரிந்துகொள்ள வேண்டும்?' என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி.

மெக்சிக்கோவில் டிசம்பர் 16 முதல் 24 வரை ஒன்பது இரவுகள் ஒரு வழக்கம் உண்டு. 'பொசாதா' என்பார்கள். தங்குமடம் என்று அர்த்தம். நிறைமாதமான மர்யமும் அவரோடு தச்சர் யோசேப்பும் பெத்லஹேமில் தங்க இடம் தேடி அலைந்தார்கள் என்பது அவர்களது நம்பிக்கை. (நமது குர்ஆனில் அந்தத் தச்சர் வரமாட்டார், அங்கே மர்யம் தனியாகவே இருக்கிறார்.) தெருச்சனம் மெழுகுதிரியோடு ஊர்வலமாகப் போய் ஒரு வீட்டுக் கதவில் நின்று, இன்றிரவு தங்க இடம் தாருங்கள் என்று பாடும். உள்ளே இருப்பவர்கள், நீ யார், கள்ளனோ என்னவோ, போ போ என்று பதிலுக்குப் பாடுவார்கள். அடுத்த கதவிலும் இதே கதை. கடைசியில் ஒரு வீடு திறக்கும். எல்லோரும் உள்ளே போவார்கள். சூடான பழப் பானம், தின்பண்டம், பிள்ளைகளுக்கு மேலே தொங்கும் மண்பானையை உடைத்து மிட்டாய் பொறுக்கும் விளையாட்டு. ஒன்பது இரவும் இப்படித்தான். ஒரு பெருநாளின் நடுவில் 'இடம் தா' என்ற கேள்வியை வைத்து, 'இல்லை' என்று சொல்வதையும் ஊரையே நடிக்க வைத்திருக்கிறார்கள்.

இதைப் படித்தபோது எங்களுக்கு நஜ்ஜாஷி மன்னர்தான் ஞாபகம் வந்தார். மக்காவிலிருந்து தப்பிப் போன ஸஹாபாக்கள் அபிசீனியாவில் நின்றபோது ஜஃபர் இப்னு அபீதாலிப் ரழியல்லாஹு அன்ஹு அந்தக் கிறிஸ்தவ அரசருக்கு ஓதிக் காட்டியது வேறு எந்த ஸூராவையும் இல்லை, ஸூரா மர்யமைத்தான். அவர் அழுதார், இடம் கொடுத்தார். நமது பிள்ளைகள் மத்ரஸாவில் படிக்கிற கதை இது. பொசாதாவுக்கு அவர்கள் எடுத்த பாத்திரமும் மர்யம்தான்.

அடுத்து நடந்ததை நமது வரலாற்றுப் பாடம் இரண்டு வரியில் கடந்துவிடுகிறது. 1628இல் போர்த்துக்கேயர் மட்டக்களப்பில் கோட்டை கட்டினார்கள். 1638இல் இரண்டாம் இராஜசிங்கனும் ஒல்லாந்தரும் சேர்ந்து அதைப் பிடித்தார்கள். ஒல்லாந்தர் கத்தோலிக்கத்தைத் தடைசெய்தார்கள், பாதிரிமார் இருக்கக்கூடாது என்றார்கள். இப்போது துரத்தப்பட்டவர் கத்தோலிக்கர். 1687இல் கோவாவிலிருந்து யோசேப் வாஸ் என்ற பாதிரியார் மாறுவேடத்தில் வந்து சேர்ந்தார். அவர் போய்த் தட்டியதும் கண்டிக் கதவைத்தான். முதலில் ஒற்றன் என்று பிடித்து அடைத்தார்கள், பிறகு விட்டார்கள். அந்த இராச்சியத்தின் நிழலில்தான் அவர் நாடெங்கும் நடந்து தனது சனத்தைத் தேடிப் பிடித்தார். 2015 ஜனவரியில் பாப்பரசர் பிரான்சிஸ் கொழும்பு வந்து புனிதராக அறிவித்தாரே, அவர்தான். நாம் போர்த்துக்கேயரால் துரத்தப்பட்டுக் கண்டிக்குப் போனோம், சுமார் 60 வருடம் கழித்து அவர்கள் ஒல்லாந்தரால் துரத்தப்பட்டு அதே கண்டிக்குப் போனார்கள். திறந்துவிட்டவர்கள் இரண்டு மார்க்கத்தையும் சேராத பௌத்த மன்னர்கள்.

போர்த்துக்கேயரின் ஆட்சி போனது, பிள்ளைகள் போகவில்லை. கிழக்கிலே பறங்கியர் என்று நாம் சொல்கிற சனம் அவர்கள். மட்டக்களப்பில்தான் கூட, திருகோணமலையிலும் உண்டு, நமது அக்கரைப்பற்றிலும் சில குடும்பங்கள். தச்சு, இரும்பு வேலை, துவக்குத் திருத்துவது, தையல், மோட்டார் வேலை என்று கைத்தொழிலால் வாழ்ந்தவர்கள். கொழும்புப் பறங்கியர்போல் இங்கிலீசும் உத்தியோகமும் இல்லை. வெள்ளைக்காரனும் மதிக்கவில்லை, கொழும்பு இனத்தாரும் மதிக்கவில்லை. நமது ஊரில் இருந்து ஆய்வு செய்த டெனிஸ் மக்கில்வ்ரே இவர்களைப் பற்றி 1982இலேயே எழுதியிருக்கிறார். நமதூரைப் பற்றிய அவரது பெரிய புத்தகம் 2008இல் வந்தது. அமெரிக்காவிலிருந்து வந்தவர் நமது பக்கத்து வீட்டைப் பற்றிப் படித்து எழுதிவிட்டார், நாம் இன்னும் படிக்கவில்லை.

அவர்கள் பேசும் போர்த்துக்கேயம் ஒரு விசேஷம். சொல் போர்த்துக்கேயம், கட்டு நமது தமிழ். வினை கடைசியில் வரும். வேற்றுமை உருபு பெயருக்குப் பின்னால் ஒட்டும். நானூறு வருடம் தமிழ் பேசும் நமக்கும் தமிழருக்கும் பக்கத்தில் இருந்ததன் அடையாளம் அது. லிஸ்பன் பல்கலைக்கழகத்தின் ஹியூகோ கார்டோசோ போன்றவர்கள் வந்து ஒலிப்பதிவு செய்துகொண்டு போகிறார்கள், ஏனென்றால் இளம் பிள்ளைகள் அதை விட்டுவிட்டுத் தமிழே பேசுகிறார்கள். கல்யாணமோ நத்தாரோ வந்து, வயலினும் ரபானும் எடுத்தால்தான் வயதானவர்கள் வாயில் அது திரும்பி வரும். அவர்களது கபிரிஞ்ஞா ஆட்டத்தின் பெயருக்கு மூலம் எது தெரியுமா? நமது அரபுச் சொல் 'காஃபிர்'. ஆபிரிக்கரைக் குறிக்க அரபு வியாபாரிகள் சொன்னதைப் போர்த்துக்கேயர் 'காப்ரி' என்று எடுத்தார்கள். அது இசையாக மாறி, பைலாவாகி, இப்போது நமது சுற்றுலா பஸ்ஸின் பின் சீற்றில் கைதட்டிப் பாடப்படுகிறது.

இன்னொரு சொல்லையும் கேளுங்கள். நமது பிள்ளைகள் எத்தனையோ பேர் கல்முனை கார்மேல் பாத்திமாவில் படித்திருக்கிறார்கள். அந்தப் பாத்திமா யார் என்று கேட்டால் பாதிப் பேருக்குத் தெரியாது. போர்த்துக்கலில் பாத்திமா என்று ஒரு கிராமம். 1917இல் அங்கே மூன்று சிறு பிள்ளைகள் அன்னை மரியாளைக் கண்டதாகச் சொன்னார்கள், அன்றிலிருந்து அது உலகக் கத்தோலிக்கருக்குத் திருத்தலம். கிராமத்துக்கு அந்தப் பெயர் வந்தது முஸ்லிம்கள் ஆண்ட காலத்து அரபுப் பெயரிலிருந்து. ஒரு முஸ்லிம் இளவரசியின் பெயர் என்று ஐதீகம் சொல்கிறது. துரத்தினார்கள், பள்ளிவாசல்களைக் கோயிலாக்கினார்கள், பெயர் மட்டும் போகவில்லை. அது உலகத்தைச் சுற்றி வந்து கல்முனையில் ஒரு பாடசாலையின் பெயர்ப்பலகையில் நிற்கிறது.

ஸ்பானியரின் நத்தார் மேசையிலும் இதே கதைதான். அங்கே நத்தாரின் முக்கியமான இனிப்பு 'துர்ரோன்'. தேனும் பாதாமும் இறுக்கிச் செய்வது, அரபு ஆட்சிக் காலத்துக் கைவண்ணம் என்பார்கள். 'அல்பஹோர்' என்று ஒன்று, பெயரே 'அல் ஹஷ்வு', உள்ளே அடைத்தது என்ற அரபுச் சொல். 3 இலட்சம் பேரைக் கப்பலேற்றி அனுப்பியவர்கள் அவர்களது பலகாரத்தை வைத்துக்கொண்டார்கள், அதுவும் தமது மிகப் பெரிய பெருநாளுக்கு! ஜனவரி 6இல் மூன்று அரசர்கள் வருவார்கள் என்று ஸ்பானியப் பிள்ளைகள் இரவு தமது சப்பாத்துகளை வைத்துவிட்டுப் படுக்கும். கிறிஸ்மஸ் தாத்தாவை விட அவர்களுக்கு இந்த அரசர்கள்தான் பெரிது. அரசர்கள் கிழக்கிலிருந்து வருவதால் ஒட்டகங்களுக்குத் தண்ணீரும் வைப்பார்கள். சப்பாத்துக்கு அவர்கள் மொழியிலும் 'சப்பாத்தோ'தான்.

சவூதியிலும் கத்தரிலும் வேலை செய்த நமது ராத்தாமாரும் காக்காமாரும் பிலிப்பைன்ஸ்காரரைப் பார்த்திருப்பார்கள். செப்டெம்பர் பிறந்தால் நத்தார்ப் பாட்டுப் போட்டுவிடுவார்கள். ஸ்பெயின் 300 வருடத்துக்கு மேல் ஆண்ட நாடு அது. அங்கேயும் அதே டிசம்பர் 16 முதல் 24 வரை ஒன்பது நாள், ஆனால் விடியற்காலைப் பூசை. நமது ஸஹர் நேரத்துக்குக் கிட்ட எழும்புவார்கள். ஒரே அறையில் நோன்பும் நத்தாரும் அனுசரித்து இருந்து, ஒருவருக்கொருவர் சாப்பாடு வைத்துக் கொடுத்த கதைகளை நம்மவர் வந்து சொல்லும்போது கேட்க நன்றாக இருக்கும். அங்கே முடிந்தது இங்கே ஏன் முடியாமல் போகிறது?

முடியாமல் போனதற்கு ஒரு காரணம் நமக்கு நன்றாகத் தெரியும். 2019 ஏப்ரல் 21. உயிர்த்த ஞாயிறு. கொச்சிக்கடையிலும் கட்டுவாப்பிட்டியிலும் மட்டக்களப்பு சீயோன் தேவாலயத்திலும் நடந்தது. 250க்கு மேற்பட்ட உயிர்கள். சீயோனில் ஞாயிறு பாடசாலைப் பிள்ளைகள். ஐந்தாம் நாள் இரவு நமக்கு அருகே சாய்ந்தமருதில் வெடித்தது. செய்தவர்கள் நம் பெயரைக் கொண்டவர்கள். நாம் அவர்களை ஏற்கவில்லை, கண்டித்தோம், உண்மை. அதன் பிறகு நாமும் பட்டோம், சோதனைகளிலும் கைதுகளிலும் கடைகள் எரிந்ததிலும். அதுவும் உண்மை. ஆனால் நமது தெருவில் வேறொன்றும் நடந்தது. வழமையாக வந்த தட்டு சில வீடுகளுக்கு வராமல் நின்றது. ஏன் என்று நாம் கேட்கவில்லை. அவர்களும் சொல்லவில்லை. வெறுப்பு என்று நாங்கள் நினைக்கவில்லை. அனுப்பினால் வாங்குவார்களா என்ற கூச்சம் அவர்களுக்கு. போனால் எந்த முகத்தோடு போவது என்ற கூச்சம் நமக்கு. இந்த இரண்டு கூச்சத்துக்கும் நடுவில் வந்து உட்கார்ந்துகொண்டதுதான் அந்தக் குரல் பதிவு.

தட்டு என்றதும் சிலர் பிராண்டியைப் பற்றிக் கேட்பார்கள். சரியான கேள்வி. ரிச் கேக்குக்குப் பழங்களைப் பிராண்டியில் ஊறப்போடுகிற வழக்கம் உண்டு, அது நமக்கு ஆகாது. நமக்குத் தெரிவதை விட அது அந்த வீட்டுப் பெண்களுக்கு நன்றாகத் தெரியும். முஸ்லிம் வீட்டுத் தட்டில் அவர்கள் வைப்பது பயற்றம் பணியாரமும் கொக்கிசும் கதலிப் பழமும். ரவையும் கஜுவும் பன்னீரும் போட்ட லவ் கேக் என்றால், நமக்கென்று ஒன்றும் ஊற்றாமல் தனியாகச் சுட்டது. நமது ஹலாலைக் கவனித்து அடுப்பை மாற்றிச் சுட்ட ஒரு மனுஷிக்கு நாம் கொடுக்கிற பதில் கதவைச் சாத்துவதா? வேதம் கொடுக்கப்பட்டவர்களின் உணவு பற்றி ஸூரா மாயிதாவிலும், நம்மோடு சண்டைக்கு வராதவர்களோடு நன்மையாக நடப்பது பற்றி ஸூரா மும்தஹினாவிலும் அல்லாஹ் சொல்லியிருப்பதை அந்தக் குரல் பதிவில் நாங்கள் கேட்கவில்லை. ஐந்து நிமிடத்தில் அதற்கு இடமில்லாமல் போய்விட்டதுபோலும்.

பலஸ்தீனுக்காக நமது பள்ளிவாசல்களில் குனூத் ஓதினோம். நத்தார் பிறந்த ஊர் அங்கேதான் இருக்கிறது. 2023 டிசம்பரில் பெத்லஹேம் கிறிஸ்தவர்கள் கொண்டாட்டத்தை நிறுத்திவிட்டார்கள். மாட்டுத்தொழுவம் வைக்கவேண்டிய இடத்தில் ஒரு தேவாலயம் உடைந்த சுவரின் கற்களைக் குவித்து, அதன் நடுவே பாலனை வைத்தது. காஸாவின் பிள்ளைகளுக்காக. அந்தப் படத்தை நம்மில் பலர் முகநூலில் பகிர்ந்தோம். பெத்லஹேம் கிறிஸ்தவரைப் பகிர்ந்த நமக்கு நமது தெருக் கிறிஸ்தவரின் வாசல் தூரமாக இருப்பது எப்படி?

2004ஆம் ஆண்டு நத்தாருக்கு மறுநாள் காலை கடல் வந்தது. மட்டக்களப்பு டச்பார் பறங்கியர் குடியிருப்பு அழிந்தது. முந்தின இரவு கபிரிஞ்ஞா ஆடிய குடும்பங்களும் அதில் இருந்திருக்கும். அதே நேரம் மருதமுனை, கல்முனைக்குடி, சாய்ந்தமருது, மாளிகைக்காடு, நமது கரை. இலங்கையிலேயே அதிக உயிர்களை இழந்த மாவட்டம் நமது அம்பாறைதான். அன்று யார் வீடு யாருக்குத் திறந்தது என்பதை அந்தக் காலத்தைப் பார்த்தவர்களிடம் கேளுங்கள். பள்ளிவாசலில் படுத்த தமிழரும் உண்டு, கோயிலில் சாப்பிட்ட முஸ்லிமும் உண்டு. ஒவ்வொரு 26ஆம் திகதியும் நாம் துஆ ஓதுகிறோம். அவர்கள் 25ஐக் கொண்டாடிவிட்டு 26இல் அழுகிறார்கள். ஒரே கிழமையில் இரண்டையும் சுமக்கிற சனம் அது.

இம்முறை எங்கள் பாடசாலை ஆசிரியர்கள் சிலர் ஒரு முடிவு எடுத்திருக்கிறோம். யாரும் தட்டு அனுப்பும்வரை காத்திருப்பதில்லை. 25ஆம் திகதி அஸருக்குப் பிறகு நமது தெருவைச் சுற்றியுள்ள நத்தார் வீடுகளுக்கு நாங்கள் போகிறோம். பூசைக்கில்லை, வாசலுக்கு. மறுநாள் துஆவுக்கு அவர்களையும் அழைக்கப்போகிறோம், வந்து சும்மா இருந்தாலும் போதும் என்று. வயதான பறங்கியர் யாராவது அந்தப் பாஷையில் கதை சொல்லச் சம்மதித்தால், அடுத்த தவணை நமது பிள்ளைகளைக் கூட்டிப்போய்க் கேட்க வைப்போம். வரலாற்றுப் பாடத்துக்கு அதை விட நல்ல புத்தகம் கிடைக்காது.

வெறுங்கையோடு போகமுடியாது. வட்டிலப்பத்துக்கு ஏலம் சரியாகப் போடத் தெரிந்த ராத்தாமார் இரண்டு மூன்று பேர் தேவை. 23ஆம் திகதிக்குள் உள்பெட்டியில் சொல்லுங்கள். முட்டையும் கருப்பட்டியும் நாங்கள் கொண்டுவந்து தருகிறோம்.